தூலேயின் 116 பேரும் ஐம்பதாண்டு வழக்கும்

டென்மார்க்கில் அகதியாகக் காலடி வைத்த தமிழர் எவருக்கும் இந்நாட்டைப்பற்றி முதன்முதலிற் சொல்லப்பட்ட செய்தி, இது சட்டத்தின்படி நடக்கும் நாடு என்பதாகும். அது பெரும்பாலும் உண்மையே. ஆயினும் இதே இராச்சியத்தின் வடகோடியில், 1953ஆம் ஆண்டு மே மாத இறுதியில், ஓர் ஊர் முழுவதும் சில நாள் அவகாசத்தில் எழுப்பப்பட்டது. வீடுகளையும் தேவாலயத்தையும் வைத்தியசாலையையும் மயானத்தையும் விட்டுவிட்டு 116 பேர் நாய்கள் இழுக்கும் சறுக்குவண்டிகளில் ஏறி வடக்கே போனார்கள். அவர்கள் தாமாகவே விரும்பிப் போனார்கள் என்று டெனிஷ் அரசு நாற்பது ஆண்டுகளுக்கு மேலாகச் சொல்லி வந்தது. விருப்பத்தோடன்று, கட்டாயத்தின் பேரிலேயே போனார்கள் என்பதை நீதிமன்றத்தின் வாயால் கேட்பதற்கு அம்மக்கள் 1999 வரை காத்திருந்தனர்.

ஊரைவிட்டு எழும்பிய அனுபவம் எமது வாசகர்களுக்குப் புதியதன்று. பலாலியும் மயிலிட்டியும் காங்கேசன்துறையும் விட்டு வந்தோர் எம்மிடையே உள்ளனர். அவர்கள் இவ்வரலாற்றைப் படிக்கும்போது, பனிக்கட்டியும் நாய்வண்டியும் தவிர மற்றெல்லாம் தாம் அறிந்ததாகவே இருக்கக் காண்பர்.

கிறீன்லாந்தின் வடமேற்குக் கரையில், உலகின் வடதுருவத்துக்கு மிக அண்மையில் வாழும் மக்கட் கூட்டத்தார் இனுகுயிட் எனப்படுவோர். 1950களின் தொடக்கத்தில் அவர்களது மொத்தத் தொகை முந்நூறு அளவிலேயே இருந்தது. சீல், வால்றஸ், கொம்புத் திமிங்கிலம், துருவக்கரடி, நரி ஆகியவற்றை வேட்டையாடி வாழ்ந்த இம்மக்களை வெளியுலகம் 1818இல்தான் சந்தித்தது. பிரித்தானியக் கடற்படைத் தளபதி ஜோன் றொஸ் அவ்வாண்டு அக்கரையை அடைந்தார். பின்னர் அமெரிக்கரான றொபேட் பியரி வந்தார். துருவத்தைத் தேடிப் போனவர், போகிற வழியில் இம்மக்கள் தலைமுறை தலைமுறையாக இரும்பு வெட்டியெடுத்து வந்த விண்கற்களைக் கப்பலேற்றி நியூயோர்க்குக்குக் கொண்டுபோனார். 1897இல் ஆறு மனிதர்களையும் அவ்வாறே கொண்டுபோனார். அவர்களுட் பெரும்பாலோர் அங்கு நோயுற்று இறந்தனர். மினிக் என்ற சிறுவன் தன் தந்தையின் எலும்புகள் நூதனசாலையில் வைக்கப்பட்டுள்ளதைப் பின்னாளில் அறிந்த கதை தனியே எழுதப்பட வேண்டியது.

டென்மார்க் அங்கு வந்தது பிந்தித்தான். தெற்குக் கிறீன்லாந்தில் 1721 முதலே ஹான்ஸ் எகெட என்ற பாதிரியாருடன் டெனிஷ் ஆட்சி தொடங்கிவிட்டது. ஆனால் தூரவடக்கு அரசின் கணக்கில் இருக்கவில்லை. 1910இல் குனுட் றாஸ்முசன், பீற்றர் பிறொய்கன் என்னும் இருவர் உம்மன்னாக் என்ற இடத்தில், தட்டையான உச்சியுடைய ஒரு மலையின் அடிவாரத்தில், தம் சொந்தப் பொறுப்பில் ஒரு வாணிப நிலையத்தை அமைத்தனர். அதற்குத் தூலே என்று பெயரிட்டனர். நரித்தோல் வாங்கி விற்ற இலாபத்தில் றாஸ்முசன் தமது புகழ்பெற்ற ஆய்வுப் பயணங்களை நடத்தினார். தாய்வழியில் கிறீன்லாந்து இரத்தம் கொண்ட அவர் அம்மக்களின் மொழியைத் தாய்மொழியாகப் பேசினார். வேட்டைக்காரர் சபை ஒன்று 1927இல் உருவாயிற்று. எங்கு, எப்போது, எதை வேட்டையாடலாம் என்பது உட்பட அவ்வூரின் ஒழுங்குகள் 1929இல் தூலேச் சட்டமாக எழுதப்பட்டன. எமது தேசவழமையை ஒல்லாந்தர் 1707இல் எழுத்தில் வைத்தமை நினைவுக்கு வரக்கூடும். இரண்டிலும் மக்களிடம் ஏற்கெனவே வழங்கிய முறையை வெளியிலிருந்து வந்தவரின் ஏடு பதிவுசெய்தது. முறையை உண்டாக்கியது அந்த ஏடன்று. இந்த வேறுபாடு பின்னால் வரும் வழக்கில் முக்கியமாகிறது.

நிலம் யாருடையது என்ற கேள்வி இக்காலமெல்லாம் அரசுகளுக்கிடையில் மட்டுமே பேசப்பட்டது. 1916இல் டென்மார்க் தன் மேற்கிந்தியத் தீவுகளை 25 மில்லியன் டொலருக்கு அமெரிக்காவுக்கு விற்க உடன்பட்டபோது, கிறீன்லாந்து முழுவதிலும் டென்மார்க் தன் நலன்களை விரிவாக்குவதற்கு அமெரிக்கா மறுப்புக் கூறாது என்ற உறுதிமொழியையும் பெற்றுக்கொண்டது. ஒரு தீவுக்கூட்டத்து மக்களைக் கேளாமல் நடந்த விற்பனையில், இன்னொரு தீவின் மக்களைக் கேளாமல் ஓர் உரிமை கைமாறியது. 1931இல் நோர்வே கிழக்குக் கிறீன்லாந்தின் ஒரு பகுதியைத் தன்னதென்று அறிவிக்க, ஹேக் நகரிலிருந்த நிரந்தர சர்வதேச நீதிமன்றத்துக்கு விவகாரம் போயிற்று. 1933 ஏப்பிரல் 5ஆம் திகதி டென்மார்க்குக்குச் சார்பாகத் தீர்ப்பு வந்தது. சர்வதேசச் சட்டம் பயிலும் மாணவர் இன்றும் படிக்கும் அந்த நீண்ட தீர்ப்பில் கிறீன்லாந்தின் ஆதிக்குடிகளைப்பற்றிப் பேசப்படுகிறது. ஆனால் அவர்களுள் ஒருவரேனும் பேச அழைக்கப்படவில்லை. அவ்வாண்டு முடிவில் றாஸ்முசன் காலமானார். 1937இல் தூலே நிலையம் அரசின் கைக்கு வந்தது.

1951இன் கோடை

இரண்டாம் உலகப்போரின்போது கோப்பன்ஹேகன் ஜேர்மனியரின் பிடியிலிருக்க, வாஷிங்டனிலிருந்த டெனிஷ் தூதுவர் ஹென்றிக் கௌவ்மன் 1941 ஏப்பிரலில் தாமாகவே அமெரிக்காவுடன் ஓர் உடன்படிக்கை செய்து கிறீன்லாந்தில் தளங்கள் அமைக்க இடமளித்தார். போர் முடிந்தபின் அமெரிக்கர் வெளியேறவில்லை. சோவியத் யூனியனை நோக்கிப் பறக்கும் குண்டுவீச்சு விமானங்களுக்கு மிகக் குறுகிய பாதை வடதுருவத்தின் மேலாகவே செல்கிறது என்பதை வரைபடத்தை மேலிருந்து பார்க்கும் எவரும் விளங்கிக்கொள்ளலாம். 1951 ஏப்பிரல் 27ஆம் திகதி இரு அரசுகளும் புதிய பாதுகாப்பு உடன்படிக்கையில் கைச்சாத்திட்டன. அவ்வாண்டுக் கோடையில் நூற்றுக்கும் மேற்பட்ட கப்பல்கள் தூலேக் குடாவுக்குள் நுழைந்தன. சுமார் 12,000 பேர் இரவில்லாத அந்தக் கோடை முழுவதும் வேலை செய்து பெரும் விமானத்தளம் ஒன்றைக் கட்டினர். முந்நூறு பேர் வாழ்ந்த வேட்டைநிலத்தின் நடுவில் பன்னீராயிரம் பேர் வந்து இறங்கினால் என்ன நிகழும் என்பதை விளக்க வேண்டியதில்லை. ஜோன் மலோறி என்ற பிரெஞ்சு ஆய்வாளர் அந்நாளில் அங்கிருந்து இதைக் கண்ணாற் கண்டார். 1955இல் வெளிவந்த அவரது நூல் அம்மக்களின் பெயரைப் பிரான்சில் பரவச் செய்தது.

தளம் அமைந்த இடம், நரிவேட்டைக்கும் கடல்வேட்டைக்கும் அவர்கள் கடந்து செல்லும் வழி. விமானங்களின் ஓசையும் கப்பற் போக்குவரத்தும் விலங்குகளை விரட்டின. எவரிடமும் அனுமதி கேட்கப்படவில்லை. நட்டஈடு பற்றிய பேச்சும் எழவில்லை.

இரண்டாண்டுகள் இவ்வாறு கழிந்தன. 1953இல் அமெரிக்க இராணுவம் உம்மன்னாக் குடாநாட்டிலேயே விமான எதிர்ப்புப் பீரங்கிகளை நிறுத்த விரும்பியது. தளத்தின் அயலிற் கிடந்த ஊர் இப்போது தளத்துக்குள்ளேயே அகப்பட்டுவிட்டது. மே மாதம் 25ஆம் திகதியளவில் ஊர் மக்களுக்கு முடிவு தெரிவிக்கப்பட்டது. மாத இறுதிக்குள் ஊர் வெறுமையாயிற்று. கடற்பனி உருகத் தொடங்குமுன் போய்ச்சேர வேண்டும் என்பது அவசரத்துக்குச் சொல்லப்பட்ட காரணங்களுள் ஒன்று; அதில் உண்மையும் உண்டு. ஆனால் மாதக்கணக்கில் கோப்பன்ஹேகனில் பேசப்பட்ட காரியத்தை, பனி உருகும் வாரத்தில் வந்து சொல்லும்படி எவரும் கட்டாயப்படுத்தவில்லை.

நூறு கிலோமீற்றருக்கும் அப்பால், கானாக் என்னும் இடத்தில் அவர்களுக்குப் புதிய வீடுகள் கட்டப்படும் என்று கூறப்பட்டது. போய்ச்சேர்ந்தபோது வீடுகள் இருக்கவில்லை. குளிர்ந்த, ஈரமான அந்தக் கோடையை முதியவர்களும் கைக்குழந்தைகளும் கூடாரங்களில் கழித்தனர். இலையுதிர் காலத்தில்தான் மரவீடுகளும் பாடசாலையும் வைத்தியசாலையும் எழுந்தன. அவ்வீடுகள் பழைய வீடுகளைவிடத் தரமானவை என்று அரசு பின்னாளில் வாதாடியது. எமது முகாம்களில் கொட்டில் கட்டித் தந்தவர்களும் இதே வாதத்தைச் சொல்லக் கேட்டிருக்கிறோம்.

இனி இரண்டு திகதிகளை வாசகர் அருகருகே வைத்துப் பார்த்தல் வேண்டும். 1953 மே 31ஆம் திகதிக்குள் ஊர் எழுப்பப்பட்டுவிட்டது. ஜூன் 5ஆம் திகதி, இன்றும் நாம் விடுமுறையாகக் கொண்டாடும் அரசியலமைப்பு நாளன்று, டென்மார்க்கின் புதிய அரசியலமைப்பு நடைமுறைக்கு வந்தது. அதன்படி கிறீன்லாந்து குடியேற்றநாடு என்ற நிலை நீங்கி இராச்சியத்தின் சமபங்காயிற்று. அரசியலமைப்பின் 73ஆம் பிரிவு தரும் சொத்துரிமைப் பாதுகாப்பு அங்குள்ளவர்களுக்கும் கிட்டியது. பொதுநலனுக்காகவன்றி, சட்டத்தின்படியன்றி, முழு நட்டஈடின்றி ஒருவரது சொத்தை எடுக்கலாகாது என்பது அப்பிரிவு. தூலே மக்களுக்கு அது ஐந்தாறு நாட்களால் தவறிப்போயிற்று. மூன்றாவது திகதியும் உண்டு. ஐரோப்பிய மனித உரிமைகள் சாசனம் டென்மார்க்கில் வலுப்பெற்றது அதே ஆண்டு செப்ரெம்பர் 3ஆம் திகதி. அதுவும் மூன்று மாதத்தால் தவறிற்று. இவையெல்லாம் தற்செயலாக நேர்ந்தவை என்று கொள்ள விரும்புவோர் கொள்ளலாம். இக்கட்டுரையாளருக்கு அத்துணை நம்பிக்கை இல்லை.

முறைப்பாடும் மௌனமும்

வேட்டைக்காரர் சபை 1950களிலேயே இழப்பீடு கோரியது. பதில் வரவில்லை. ஆண்டுகள் ஓடின. 1968 ஜனவரி 21ஆம் திகதி நான்கு ஐதரசன் குண்டுகளுடன் பறந்த அமெரிக்க பி-52 விமானம் தளத்துக்கு அண்மையிற் கடற்பனியில் விழுந்து நொறுங்கியது. அணுவாயுதம் தன் மண்ணில் இல்லை என்று சொல்லிவந்த நாட்டில் அணுவாயுதம் பனிமேற் கிடந்தது. இந்த இடைச்செருகலை இங்கு விரிக்கவில்லை. பீரங்கிகளுக்காக எடுக்கப்பட்ட நிலம் எவற்றுக்கெல்லாம் பயன்பட்டது என்பதற்காகவே சொல்லப்பட்டது.

1985இல் யென்ஸ் புறோஸ்டட், மட்ஸ் பேக்டபோர்க் என்னும் இருவர் தூலே மக்களைப்பற்றியும் இராணுவத் தளத்தைப்பற்றியும் ஆவணங்களைக் கொண்டு ஒரு நூல் எழுதினர். அதன்பின்னரே அரசு அசைந்தது. 1987இல் ஒரு குழு நியமிக்கப்பட்டது. அதன் அறிக்கை 1994இல் வந்தது. கட்டாயமாக எழுப்பப்பட்டனர் என்பதை அந்த அறிக்கை ஏற்கவில்லை. அதன்பிறகு மக்கள் நீதிமன்றம் செல்லத் துணிந்தனர். அவர்கள் அமைத்த சங்கத்தின் பெயர் ‘ஹிங்கிதாக் 53’. ஹிங்கிதாக் என்பது துரத்தப்பட்டோர் எனப் பொருள்படும். 53 என்பது ஆண்டு. உஸ்ஸக்காக் குயவுகிட்சொக் தலைமை தாங்கினார். கிறிஸ்தியன் ஹார்லங் என்ற வழக்கறிஞர் அவர்களுக்காக வாதாடினார். 1996 டிசெம்பரில் சுமார் அறுநூறு பேரின் சார்பில் வழக்குப் பதிவாயிற்று. 1997 ஜனவரியில் டெனிஷ் அரசும் கிறீன்லாந்து உள்ளாட்சி அரசும் தமக்குள் ஓர் இணக்கம் செய்துகொண்டன: கானாக்கில் விமான நிலையம் அமைக்க டென்மார்க் 47 மில்லியன் குறோணர்கள் கொடுக்கும். பாதிக்கப்பட்டவர்கள் கேட்டது வேறு.

இவ்வழக்கில் கேட்கப்பட்டவை என்னென்ன? எழுப்பியது சட்டவிரோதம் என்ற அறிவிப்பு ஒன்று. பழைய ஊரில் வாழவும் அங்கு வேட்டையாடவும் உரிமை உண்டு என்ற பிரகடனம் மற்றொன்று. இழந்த வேட்டைக்கும் பட்ட துன்பத்துக்குமாக இருநூறு மில்லியன் குறோணர்களுக்கு மேற்பட்ட நட்டஈடு அடுத்தது. இவற்றின் அடியில் இன்னொரு கோரிக்கையும் இருந்தது: தாம் தனித்துவமான ஒரு குடி என்று ஏற்கப்பட வேண்டும். ஆதிக்குடிகள் தொடர்பான சர்வதேசத் தொழில் தாபனத்தின் 169ஆம் இலக்க சாசனத்தை டென்மார்க் 1996இல் ஏற்று உறுதிசெய்திருந்தது. மரபாகக் குடியிருந்த நிலத்தின்மீது அக்குடிக்குள்ள உடைமையையும் அனுபவ உரிமையையும் அரசு ஏற்க வேண்டும் என்பதும், எழுப்பப்பட்டவர்கள் காரணம் நீங்கியதும் திரும்பிச் செல்ல உரிமையுடையர் என்பதும் அச்சாசனத்தின் சாரம்.

எமது குடும்பங்களிற் பலவற்றில் காணி உறுதிகள் இன்னும் பெட்டியின் அடியிலே பத்திரமாகக் கிடக்கின்றன. முதிசமென்றும் சீதனமென்றும் தேடியதேட்டமென்றும் வகைபிரித்து, எல்லை நான்கும் குறித்து, கிணற்றுப் பங்கும் வழிவாய்க்கால் உரிமையும் எழுதிய உறுதிகள் அவை. இனுகுயிட் மக்களிடம் அத்தகைய தாள் ஒன்றுமில்லை. கிறீன்லாந்தில் இன்றுவரை தனியாள் நிலத்துக்குச் சொந்தக்காரர் ஆவதில்லை. வீடு கட்டவும் பயன்படுத்தவும் உரிமை பெறலாம், நிலம் எல்லோருக்கும் பொது. வேலியும் எல்லைக்கல்லும் இல்லாத நிலத்தில் உரிமையைக் காட்டுவது எப்படி? மூதாதையரின் கல்லறைகளும், இடிந்த பழைய கல்வீடுகளும், எந்தக் குடாவில் எந்த மாதத்தில் எந்த விலங்கு வரும் என்ற முதியவர்களின் அறிவுமே அவர்களின் உறுதி.

இத்தகைய உறுதியை நீதிமன்றம் ஏற்கலாமா என்ற கேள்வி உலகெங்கும் அந்த ஆண்டுகளில் எழுந்தது. அவுஸ்திரேலியா எவருக்குமே சொந்தமில்லாத நிலமாகக் கிடந்தது என்ற இருநூறாண்டுக் கற்பனையை, மறி தீவைச் சேர்ந்த எடி மாபோவும் அவரது அயலவரும் தொடுத்த வழக்கில் 1992 ஜூன் 3ஆம் திகதி அந்நாட்டின் அதியுயர் நீதிமன்றம் தகர்த்தது. பத்தாண்டு வழக்காடிய மாபோ, தீர்ப்பைக் கேட்கவில்லை. அவ்வாண்டு ஜனவரியில் இறந்துவிட்டார். கனடாவில் 1973இன் கால்டர் வழக்கு இக்கதவைத் திறந்தது. 1997இல் தெல்கமூக் வழக்கில், வாய்மொழி வரலாறும் சான்றாகக் கொள்ளப்பட வேண்டும் என்று உயர் நீதிமன்றம் கூறியது. பூர்வீக உரித்து என்ற சட்டக் கோட்பாட்டின் கரு எளிமையானது: அரசின் கொடி வந்து நடப்படுமுன்னரே மக்களுக்கு நிலத்தோடு ஓர் உறவு இருந்தது, கொடி நடப்பட்டதால் மட்டும் அது அழிவதில்லை. ஆனால் அதே கோட்பாட்டின்படி, அரசு தெளிவாக எடுத்த நடவடிக்கையால் அவ்வுரித்து அற்றுப்போகவும் கூடும். தூலே வழக்கு இந்த இரண்டாம் பகுதியிலேயே தடுக்கி விழுந்தது.

1999 ஓகஸ்ட் 20ஆம் திகதி கிழக்கு மேல் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மக்கள் தாமாகப் போகவில்லை. அமெரிக்கரின் கோரிக்கைக்காக, டெனிஷ் அதிகாரிகளால், சட்டத்துக்கு மாறாகவும் கடுமையான முறையிலும் எழுப்பப்பட்டனர் என்று அது கண்டது. அந்தச் சில வரிகளுக்காக நாற்பத்தாறு ஆண்டுகள். ஆனால் தளம் அமைக்கப்பட்டது 1951 உடன்படிக்கையின்படி செல்லும். ஆகவே பழைய ஊருக்குத் திரும்பும் உரிமை இல்லை. சமூகம் முழுவதற்கும் நட்டஈடு 500,000 குறோணர்கள். 1953இல் பதினெட்டு வயது நிறைந்திருந்தோர் ஒவ்வொருவருக்கும் 25,000. நான்கு வயதுக்கும் பதினெட்டுக்கும் இடைப்பட்டோருக்கு 15,000. அதற்குக் குறைந்த வயதினர்க்கு ஒன்றுமில்லை. நான்கு வயதுக்குட்பட்ட குழந்தை இடப்பெயர்வை உணராது என்பது கருத்துப்போலும். தாயின் இடுப்பிலிருந்தே முகாம் முகாமாக வளர்ந்த எம் பிள்ளைகளை அறிந்தவர்கள் இதை ஒப்புவது கடினம்.

பதின்மூன்று நாட்களின்பின், செப்ரெம்பர் 2ஆம் திகதி, பிரதமர் போல் நூறுப் றாஸ்முசன் இராச்சியத்தின் சார்பில் இனுகுயிட் மக்களிடமும் தூலே மக்களிடமும் கிறீன்லாந்து மக்கள் அனைவரிடமும் மன்னிப்புக் கேட்டார். அறிக்கையில் டெனிஷ் சொல்லோடு ‘உதொக்கத்செர்புகுத்’ என்ற கிறீன்லாந்துச் சொல்லும் இடம்பெற்றது. ‘நாம் மன்னிப்புக் கேட்கிறோம்’ என்பது அதன் பொருள். முடிவு எடுக்கப்பட்ட விதத்துக்கும் அது நிறைவேற்றப்பட்ட விதத்துக்குமே மன்னிப்பு என்பதைக் கவனிக்க வேண்டும். எடுத்த முடிவுக்கே மன்னிப்பு என்று அங்கு இல்லை.

இந்தப் பிரதமர் அப்பதவிக்கு வந்த வரலாறு எமக்கு நெருங்கியது. 1987 தொடக்கம் நீதியமைச்சர் எரிக் நின்-ஹான்சன் தமிழ் அகதிகளின் குடும்ப இணைவு விண்ணப்பங்களைக் கிடப்பிற் போடச் செய்தார். 1983ஆம் ஆண்டின் வெளிநாட்டவர் சட்டம் அந்த இணைவை உரிமையாகவே வைத்திருந்தது. அதைத் தாமதம் என்ற கருவியால் மறுத்தார்கள். நீதிபதி மொகன்ஸ் ஹோர்ன்ஸ்லெட் நடத்திய விசாரணையின் பல்லாயிரம் பக்க அறிக்கை 1993 ஜனவரியில் வெளிவந்ததும் பிரதமர் போல் ஷ்லூட்டர் பதவி விலகினார். நூறுப் றாஸ்முசன் ஆட்சியமைத்தது அதன்பின்னரே. 1995இல் நின்-ஹான்சன் நூற்றாண்டில் அரிதாகவே கூடும் அரசத் தீர்ப்பாயத்தின் முன் குற்றவாளியாகக் காணப்பட்டு, ஒத்திவைக்கப்பட்ட நான்கு மாதச் சிறைத்தண்டனை பெற்றார். இரு விவகாரங்களிலும் அரசு சட்டத்தை மாற்றவில்லை. சட்டம் இருக்கையிலேயே அதைக் கடந்தது. இரண்டிலும் உண்மை வெளிவந்தது, அதிகாரிகள் எழுதிவைத்த குறிப்புகளிலிருந்துதான். இந்நாட்டின் குறையும் சிறப்பும் அதில் ஒருங்கே தெரிகின்றன: தவறு செய்தவர்கள் தாளையும் எரிக்காமல் வைத்திருந்தார்கள். ஆனால் எம் விவகாரத்தில் ஓர் ஆட்சி கவிழ்ந்தது, தூலேக்காக எவரும் பதவி இழக்கவில்லை. பாராளுமன்றத்துக்கு அண்மையில் நிற்பவனின் குரலுக்கும் நான்காயிரம் கிலோமீற்றர் தொலைவில் நிற்பவனின் குரலுக்கும் உள்ள வேறுபாடு அது.

ஒரு குடியா, இல்லையா?

மேன்முறையீடு நாட்டின் உச்ச மன்றமாகிய உயர் நீதிமன்றத்துக்குப் போயிற்று. 2003 நவம்பர் 28ஆம் திகதி, எழுப்பப்பட்டு ஐம்பது ஆண்டுகள் நிறைந்தபின், அது தீர்ப்பளித்தது. சட்டவிரோதமாக எழுப்பப்பட்டனர் என்பது உறுதிப்படுத்தப்பட்டது. நட்டஈட்டுத் தொகை அவ்வாறே நின்றது. தளம் அமைந்ததால் வேட்டை இழந்ததற்கான கோரிக்கை காலங்கடந்தது என்று ஒதுக்கப்பட்டது. மிக முக்கியமான கேள்விக்கும் விடை கூறப்பட்டது: தூலே மக்கள் தனிக் குடியல்லர், கிறீன்லாந்து மக்கள் முழுவதுமே ஒரு குடி. டென்மார்க் சாசனத்தை ஏற்றபோது, தன் ஆட்சிப்பரப்பில் உள்ள ஆதிக்குடி ஒன்றே, அது கிறீன்லாந்தின் இனுயிட் மக்கள் என்று அறிவித்திருந்தது. சர்வதேசத் தொழில் தாபனத்தின் குழுவும் 2001இல் அதே நிலைப்பாட்டை எடுத்திருந்தது.

இத்தீர்ப்பின் தருக்கத்தை எளிதில் தள்ளிவிட முடியாது. முந்நூறு பேரைத் தனிக் குடியென்று பிரித்தால், கிறீன்லாந்து மக்களின் ஒற்றுமையும் அவர்கள் தன்னாட்சிக் கோரிக்கையும் பிளவுபடும் என்ற அச்சம் கிறீன்லாந்து அரசியலாரிடையேயும் இருந்தது. ஆயினும் விளைவு என்ன? பெரிய குடிக்குத் திரும்பிப்போக ஓர் ஊர் இல்லை. ஏனெனில் பெரிய குடி அவ்வூரிலிருந்து எழுப்பப்படவில்லை. ஊரை இழந்த சிறிய குடியோ சட்டத்தின் கண்ணில் இல்லை. இழப்பு உண்டு, இழந்தவர் இல்லை. யார் ஒரு மக்கள் என்ற கேள்விக்கு யார் விடை கூறுகிறார்கள் என்பதில் எத்தனை தங்கியிருக்கிறது என்பதை ஈழத்தவராகிய எமக்கு எவரும் சொல்லித் தர வேண்டியதில்லை. அதே வேளை, அக்கேள்வி எம்மைவிடச் சிறிய குடிகள்பாலும் திரும்புகிறது. 1983இல் மதுறு ஓயா தேசியப் பூங்கா பிரகடனப்படுத்தப்பட்டபோது வேடர்கள் தம் காட்டிலிருந்து அகற்றப்பட்டு எனானிகலையில் குடியேற்றப்பட்டனர். முதிய தலைவர் திசாகாமி தம்பானையைவிட்டு அகல மறுத்தார். அவருக்காக எம் பத்திரிகைகள் எத்தனை பத்தி எழுதின?

இறுதியாக ஸ்ட்ராஸ்பேர்க். ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றம் 2006 ஜனவரி 12ஆம் திகதி முறைப்பாட்டை விசாரணைக்கு எடுக்காமலே நிராகரித்தது. எழுப்பியது 1953 மே மாதத்தில் நடந்து முடிந்த செயல். சாசனம் டென்மார்க்கைக் கட்டுப்படுத்தியது செப்ரெம்பரில். சொத்துரிமை பற்றிய முதலாம் இணைப்புப் பத்திரம் 1954 மே மாதத்தில். திகதிகள் தம் வேலையைச் செய்து முடித்தன.

அதே 1953இல், கடலுக்கு மறுகரையில், கனடிய அரசும் இன்னொரு இனுயிட் கூட்டத்தைத் தெற்கே இனுக்ஜுவாக்கிலிருந்து தூரவடக்கின் கிறைஸ் பியோட்டுக்கும் ரெசலூட்டுக்கும் ஏற்றிச் சென்றது. அங்கும் விரும்பிச் சென்றார்கள் என்றே முதலிற் சொல்லப்பட்டது. 2010 ஓகஸ்ட்டில் கனடா மன்னிப்புக் கேட்டது. பனிப்போர்க் காலத்து வரைபடத்தில் மனிதர்களை நகர்த்துவது அத்துணை எளிதாக இருந்தது போலும்.

பின்வந்த ஆண்டுகளில் கிறீன்லாந்தின் நிலை வளர்ந்தது. 1979இன் உள்ளாட்சிச் சட்டம் நிலத்தின் வளங்களில் அங்கு வாழ்வோர்க்கு அடிப்படை உரிமை உண்டென்று மட்டும் கூறியது. 2009 ஜூன் 21ஆம் திகதி நடைமுறைக்கு வந்த தன்னாட்சிச் சட்டமோ, கிறீன்லாந்து மக்கள் சர்வதேசச் சட்டத்தின்படி தன்னிர்ணய உரிமையுடைய ஒரு மக்கள் என்று முகவுரையிலேயே ஏற்றது. கனிவளங்களின் பொறுப்பையும் அவர்களிடம் கையளிக்க வழிவகுத்தது. 2019 ஓகஸ்ட்டில் அமெரிக்க ஜனாதிபதி டொனால்ட் ட்ரம்ப் தீவை வாங்கும் எண்ணத்தை வெளியிட்டபோது, விற்பனைக்கில்லை என்ற பதில் கோப்பன்ஹேகனிலிருந்து மட்டுமன்றி நூக் நகரிலிருந்தும் வந்தது. 1916இல் அப்படி ஒரு குரல் எழ இடமே இருக்கவில்லை.

வலிகாமம் வடக்கில் 1990இல் ஊரெழும்பியவர்களின் நிலமும் இராணுவத் தேவைக்கென்றே மூடப்பட்டது. 2013இல் 6,000 ஏக்கருக்கும் மேற்பட்ட காணியைச் சுவீகரிக்க அறிவித்தல் ஒட்டப்பட்டபோது, உறுதி வைத்திருந்தவர்கள் நீதிமன்றம் சென்றனர். 2017இல் மயிலிட்டித் துறைமுகப் பகுதி விடுவிக்கப்பட்டது; இருபத்தேழு ஆண்டுகளின்பின் மீனவர்கள் தம் துறையிற் கால்வைத்தனர். எல்லாக் காணியும் அப்போது விடுவிக்கப்படவில்லை. ஆயினும் தாள் இருந்தது. தாளைக் காட்டி வழக்காட முடிந்தது.

உம்மன்னாக்கும் ஒருவாறு விடுவிக்கப்பட்டதுண்டு. 2003 பெப்ரவரியில் அமெரிக்காவும் டென்மார்க்கும் கிறீன்லாந்தும் செய்த இணக்கத்தின்படி அக்குடாநாடு தளத்தின் எல்லையிலிருந்து நீக்கப்பட்டது. உயர் நீதிமன்றம், திரும்பும் உரிமை இல்லையென்று தீர்ப்புக் கூறுவதற்கு ஒன்பது மாதங்களுக்கு முன்னர் இது நடந்தது. அதற்குள் கானாக்கில் இரண்டு தலைமுறைகள் பிறந்து வளர்ந்துவிட்டன. பாடசாலையும் கடையும் புதிய விமான நிலையமும் அங்கேதான் இருக்கின்றன. தளமோ அகலவில்லை. 2023 ஏப்பிரல் 6ஆம் திகதி அமெரிக்க இராணுவம் அதன் பெயரை மாற்றிற்று. தூலே என்ற பெயர் நீங்கியது. அவ்விடத்துக்கு இனுகுயிட் மக்கள் முன்னரே வைத்திருந்த பிதுஃபிக் என்ற பெயர் இப்போது தளத்தின் வாயிற் பலகையில் எழுதப்பட்டிருக்கிறது.